மோட்டாரைத் தொடாதவர்

பம்ப் ஹவுஸில் இரண்டு மோட்டார்கள் இருந்தன. ஒன்று நல்ல மோட்டார். மற்றது அவர் நல்லபடியாக வைத்திருந்த மோட்டார்.

ஐந்தரைக்கு ஊரில் குழாய் திறக்க வேண்டுமென்றால் நாலே முக்காலுக்கு அவர் அங்கே இருப்பார். முதலில் போர்டில் மூன்று பேஸும் சரியாக வருகிறதா என்று பார்ப்பார். பிறகு வாளியில் தண்ணீர் மொண்டு, பம்பின் தலையில் இருக்கும் புனலில் ஊற்றுவார். காற்று முழுக்க வெளியேறி, குமிழி இல்லாமல் தண்ணீர் வழிந்த பிறகுதான் பச்சைப் பொத்தான். ஸ்டார்டருக்குள் ‘டக்’ என்று சத்தம் கேட்கும்வரை மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பார். அதற்கப்புறம் வால்வுச் சக்கரம். நாற்பத்திரண்டு சுற்று. நிதானமாகச் சுற்ற வேண்டும். அவசரப்பட்டால் பழைய குழாய் ஏதாவது ஒரு தெருவில் வாயைப் பிளந்துகொள்ளும். தண்ணீர் ஓடத் தொடங்கியதும் பேரிங் மேல் உள்ளங்கையை வைத்துப் பார்ப்பார். காய்ச்சல்காரக் குழந்தையின் நெற்றியைத் தொடுவதுபோல இருக்கும் அது.

ஊரில் அவருக்கு மோட்டார்க்காரர் என்றுதான் பெயர். தபால்காரர் கூட அப்படித்தான் கூப்பிட்டார். சம்பளப் பட்டியலில் மட்டும் அவர் உதவியாளர். பெருக்குவது, கேட் திறப்பது, புல் வெட்டுவது, ஆபரேட்டர் கேட்கும்போது ஸ்பேனர் எடுத்துக் கொடுப்பது ஆகியவை உதவியாளரின் கடமைகள் என்று குடிநீர் வாரியத்தின் விதிப் புத்தகத்தில் இருந்தது. கேட்பதற்கு ஆபரேட்டர்தான் இல்லை. பழைய ஆபரேட்டர் ஓய்வு பெற்ற அன்று அப்போதிருந்த இன்ஜினியர், “புது ஆள் வர்ற வரைக்கும் ஒரு ரெண்டு வாரம் நீயே பாத்துக்கப்பா” என்று சொல்லிவிட்டுப் போனார். அந்த இரண்டு வாரம் பத்தொன்பது வருஷமாக ஓடிக்கொண்டிருந்தது.

வழக்குப் போடலாம் என்று சொன்னது அவர் இல்லை. அவர் மனைவி.

அவள் வீட்டில் தையல் மிஷின் வைத்து ஒரு கம்பெனிக்குச் சட்டைக் காலர் தைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். காலர் மட்டும்தான். முழுச் சட்டையை அவள் கண்ணால் பார்த்ததில்லை. வாரம் ஒரு மூட்டை வரும், ஒரு மூட்டை போகும். பதினோரு வருஷம் பொறுத்தவள், ஒருநாள் காலரைத் திருப்பி முனையைக் குத்தி எடுத்துக்கொண்டே கேட்டாள்.

“ஆபரேட்டர் வேலைய நீங்க பாக்குறீங்க. ஆபரேட்டர் சம்பளம் யாருக்குப் போகுது?”

“யாருக்கும் போகல. அந்தப் போஸ்ட் காலியா இருக்கு.”

“காலியா இருக்கிற போஸ்ட் எப்படிங்க தினம் தண்ணி விடும்?”

“பெரிய எடத்துல போய் மோத முடியுமா?” என்று மட்டும் சொன்னார்.

“மோத வேணாம். கேப்போம். கேட்டா வாயா தேஞ்சிடும்?”

வாய் தேயவில்லை, கால்தான் தேய்ந்தது. இரண்டரை வருஷம் நடந்து முதல் கோர்ட்டில் ஜெயித்தார். அன்று அவள் இரண்டு முட்டை அதிகமாக வாங்கி வந்தாள். முட்டை செரிப்பதற்குள் வாரியம் மேல்கோர்ட்டில் அப்பீல் போட்டுத் தடை வாங்கிவிட்டது. அங்கேயும் மூன்று வருஷம் கழித்து அவரே ஜெயித்தார். வாரியம் அதற்கும் மேலே, பெஞ்சுக்குப் போனது. அவருக்காக வாதாடிய வக்கீலம்மாவுக்கே சலிப்பு வந்துவிட்டது. “உங்களுக்குக் குடுக்க வேண்டியத விட வாரியம் எங்க வக்கீல் ஆளுங்களுக்குக் குடுக்கிற ஃபீஸ் ஜாஸ்தி சார். உங்களுக்குக் குடுத்தா இன்னும் நாப்பது பம்ப் ஹவுஸ்ல இருந்து கேப்பாங்க. அந்தப் பயந்தான்” என்றார்.

இதில் வீட்டோடு ஒட்டிய சங்கடம் ஒன்று இருந்தது. அவர் மனைவியின் தம்பி வாரியத் தலைமை அலுவலகத்தில், சட்டப் பிரிவில் எழுத்தர். அக்கா புருஷனுக்கு எதிரான அப்பீல் இரண்டையும் டைப் அடித்தவன் அவன்தான்.

அம்மா போன பிறகு அக்காதான் அவனை வளர்த்தாள். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் பையில் ஏதாவது பழத்தோடு வந்துவிடுவான். முதல் அப்பீல் அடித்த வாரம் வாசலிலேயே நின்றுகொண்டிருந்தான்.

“என்ன மாப்ளே, உள்ள வர்றதுக்கும் தடை உத்தரவு இருக்கா?” என்றார் மோட்டார்க்காரர்.

“மாமா, அந்த அப்பீல்... என் டேபிளுக்குத்தான் வந்துச்சு.”

“அதுக்கென்ன? யாராவது ஒருத்தர் அடிக்கத்தான் போறாங்க. நீ அடிச்சா எழுத்துப் பிழையாவது இருக்காது. என் பேரைச் சரியா அடிச்சியா?”

“அடிச்சேன் மாமா.”

“அப்ப வா. சோறு ஆறுது.”

அக்காவும் சிரித்தாள். தம்பி அப்போது தற்காலிக ஊழியன். வேலை நிரந்தரமாகவில்லை. அவனைக் குறை சொல்ல யாருக்கும் மனம் வரவில்லை.

பெஞ்சில் இரண்டு நீதிபதிகள். அவர்கள் கேட்டது நியாயமான கேள்விதான். கூட வேலை பார்த்தவர்களின் வாக்குமூலம் போதாது, இவர் இயக்கியதற்கு எழுத்தில் என்ன இருக்கிறது என்று கேட்டார்கள். இருந்தது. பம்ப் ஹவுஸ் லாக் புக். மணிக்கு ஒரு தடவை வோல்டேஜ், ஆம்பியர், மீட்டர் எல்லாம் எழுதி, இயக்கியவர் என்ற கட்டத்தில் கையெழுத்துப் போட வேண்டும். வழக்குப் போட்ட மறுமாதமே அந்தக் கட்டத்தில் இன்ஜினியர் மட்டுமே கையெழுத்துப் போட வேண்டும் என்று உத்தரவு வந்துவிட்டது. அதற்கு முந்தைய பதினோரு வருஷமும் அந்தக் கட்டம் முழுக்க இவர் கையெழுத்துத்தான். புத்தகம் நிறைந்ததும் ஆபீஸ் ஜீப் வந்து எடுத்துக்கொண்டு போகும்.

“நீங்க ஒரு காப்பி எடுத்து வச்சிருக்கலாமே சார்?” என்று வக்கீலம்மா கேட்டபோது அவர் விழித்தார்.

“வேலை செஞ்சா அது முடிஞ்சுதும்மா. அதைப் போயி எவன் காப்பி எடுப்பான்?”

கடைசி விசாரணைக்கு இரண்டு பேரும் போனார்கள். மூன்று மணி நேர பஸ் பயணம். வெயிலில் ஜன்னல் கம்பி சுட்டது. கோர்ட்டில் மின்விசிறிக்கு நேர் கீழே இடம் கிடைக்கவில்லை. அவர்கள் வழக்கு நாற்பத்தெட்டாவது. மதியம் மூன்று மணிக்குக் கூப்பிட்டார்கள். வாரியத்தின் வக்கீல் எழுந்து, பழைய பதிவேடுகள் கரையான் அரித்ததால் மூன்று வருஷத்துக்கு முன்பே முறைப்படி அழிக்கப்பட்டுவிட்டன என்று சொல்லி ஒரு பட்டியலைக் கொடுத்தார். எல்லாம் சேர்ந்து ஆறு நிமிஷம்கூட ஆகவில்லை.

வராந்தாவில் வக்கீலம்மா அந்தப் பட்டியலின் நகலைக் காட்டினார். அவர் வாங்கும் முன்பே மனைவி வாங்கிக்கொண்டாள். காலர் தைத்துத் தைத்து அவள் கண்ணில் புகை படிந்த மாதிரி ஆகியிருந்தது. இரண்டு கண்ணிலும் ஆபரேஷன் செய்ய வேண்டும் என்று டாக்டர் சொல்லி ஒரு வருஷம் ஆகிறது. தாளை மூக்குக்குக் கிட்டே பிடித்து மெல்ல நகர்த்திக்கொண்டே போனவள், அடியில் வந்து நின்றுவிட்டாள்.

“என்ன?” என்றார்.

“சரிபார்த்தவர்னு போட்டுக் கையெழுத்து இருக்கு.”

“யாரோடது?”

“கடைசி எழுத்துக்கு வால் இழுத்திருக்கு பாருங்க. பள்ளிக்கூடத்துல படிக்கும்போது என் நோட்டுலதான் இதைப் போட்டுப் போட்டுப் பழகினான். பக்கத்தை வீணாக்குறியேன்னு நான் அடிச்சிருக்கேன்.”

அவர் தாளை வாங்கிப் பார்த்தார். மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். “வேற யாரோடதாவும் இருக்கும். வா, பஸ்ஸைப் பிடிப்போம்” என்றார்.

ஒரு மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. மனுதாரர் மோட்டாரை இயக்கினார் என்பதற்கு ஆவணம் ஏதும் இல்லை, அவர் உதவியாளராகவே பணிபுரிந்தார் என்று கொள்ள வேண்டியிருக்கிறது, வாரியத்தின் மேல்முறையீடு ஏற்கப்படுகிறது. இருபத்தாறு பக்கம். வக்கீலம்மா போனில் கடைசிப் பக்கத்தை மட்டும் படித்தார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை தம்பி ஆரஞ்சுப் பழத்தோடு வந்தான். தீர்ப்பு அவன் அலுவலகத்துக்கு முன்னாலேயே வந்திருக்கும். முகத்தில் தெரிந்தது. அக்கா மிஷினை விட்டு எழவில்லை.

“இது உன் கையெழுத்தா?”

தாளைப் பார்த்ததும் அவன் பையைக் கீழே வைத்தான்.

“அக்கா, அது அன்னைக்கு ஒரே நாள்ல நூத்து எழுபது லிஸ்ட்டுக்கா. ரெக்கார்டு ரூம் பூரா கரையான். ஆபீஸர் கட்டுக் கட்டாக் கொண்டுவந்து டேபிள்ல போட்டு...”

“அதைக் கேக்கல. பாத்துட்டுப் போட்டியா, பாக்காமப் போட்டியா?”

அவன் மாமாவைப் பார்த்தான். அவர் சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“சொல்லுடா. பாக்காமப் போட்டேன்னு சொல்லு, நான் நம்புறேன். சத்தியமா நம்புறேன்.”

“பாத்தேங்க்கா” என்றான். “மாமா பம்ப் ஹவுஸ் லாக் புக், மொத்தம் பதினொண்ணுன்னு போட்டிருந்துச்சு. பாத்தேன். கைய எடுத்துட்டேன். ஆபீஸர் பின்னாடியே நின்னாரு. என்ன, சொந்தக்காரப் புஸ்தகமான்னு கேட்டாரு. நிரந்தரம் பண்றதுக்கான லிஸ்ட்டும் அவர் கையிலதான் இருந்துச்சு.”

“அந்தப் புஸ்தகத்தைக் கரையான் தின்னுச்சா?”

“இல்லக்கா. அது பிளாஸ்டிக் பையில போட்டு மேல் தட்டுல இருந்துச்சு. நல்லாத்தான் இருந்துச்சு.”

மிஷின் சக்கரம் நின்றது.

“எங்க வீட்டுக்கு வாராவாரம் வந்த. மூணு வருஷம். அவர் உன் தட்டுல முட்டைய எடுத்து வச்சாரு. நீயும் தின்ன.”

“அக்கா...”

“ஒரு வார்த்தை சொல்லியிருந்தா வக்கீலம்மா அன்னைக்கே ஏதாவது பண்ணியிருப்பாங்க இல்ல? அழிக்கிறதுக்கு முன்னாடி தடை வாங்கியிருப்பாங்க இல்ல?”

“விடு” என்றார் மோட்டார்க்காரர். “அவன் வேலையும் போயிருந்தா என்ன பண்ணியிருப்போம்? ரெண்டு வீடும் தெருவுல நிக்கும். சாப்பிட்டுப் போகட்டும்.”

“சோறு இல்ல” என்றாள்.

அடுப்பில் பானை நிறையச் சோறு இருந்தது. மூடியின் ஓரத்தில் ஆவி வந்துகொண்டிருந்தது மூன்று பேருக்குமே தெரிந்தது. அவன் பையை எடுக்காமல் போனான். அந்தப் பழத்தை அவள் தொடவில்லை. நாலாம் நாள் வாடை வந்த பிறகு அவர்தான் எடுத்து வெளியே போட்டார்.

தீர்ப்பு வந்த பத்தாம் நாள் இன்ஜினியர் தானே பம்ப் ஹவுஸுக்கு வந்தார். இளவயதுக்காரர். கையில் ஓர் உத்தரவு. கொடுக்கத் தயங்கி, மோட்டாரைச் சுற்றிச் சுற்றி வந்தார்.

“சார், தப்பா எடுத்துக்காதீங்க. ஹெட் ஆபீஸ்ல இருந்து வந்திருக்கு. கோர்ட்டு உங்கள உதவியாளர்னு சொல்லிட்டதால, உதவியாளர் யாரும் மெஷினைத் தொடக்கூடாதாம். தொட்டா மறுபடியும் கேஸுக்கு வழி ஆயிடுமாம்.”

“சரிங்க சார். அப்ப யாரு போடுவாங்க?”

“புது ஆள் வர்றாங்க.”

“எப்ப?”

“ஒரு ரெண்டு வாரத்துல.”

அவர் சிரித்துவிட்டார். இன்ஜினியருக்கு அந்தச் சிரிப்பு புரியவில்லை. பழைய இன்ஜினியர் அதே வார்த்தையைச் சொன்னபோது இவர் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்திருப்பார்.

மறுநாளிலிருந்து அவர் கேட்டைத் திறந்தார். பெருக்கினார். புல் வெட்டினார். வெளியிலிருந்து கூட்டி வந்த ஓர் எலக்ட்ரீஷியன் பச்சைப் பொத்தானை அமுக்கி, வால்வை ஒரே மூச்சில் திறந்தான். சத்தத்திலேயே அவருக்குத் தெரிந்தது. துடைப்பத்தோடு வாசல்வரை போனார். உள்ளே போகவில்லை. அன்று காலை பள்ளிக்கூடத்துத் தெருவில் குழாய் வெடித்து ஆள் உயரத்துக்குத் தண்ணீர் பீய்ச்சியது. அதை அடைப்பதற்குள் ஒரு நாள் போயிற்று. அடுத்த நாள் முதல் மோட்டார் கிளம்பாததால் அவன் இரண்டாவது மோட்டாரைப் போட்டான். காற்றை வெளியேற்றாமலே போட்டான். பம்ப் காய்ந்து ஓடி, தண்டைச் சுற்றி அடைத்திருக்கும் கயிறு கருகிப் புகை வந்தது. எலக்ட்ரீஷியன் போனை அணைத்துவிட்டுக் காணாமல் போனான்.

மூன்றாம் நாளும் தண்ணீர் இல்லை. வெயில் தாங்காத மாதம். தெருப் பெண்கள் குடத்தோடு நேராக மோட்டார்க்காரர் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டார்கள்.

“கேஸுல தோத்த கோவத்தை ஊரு மேல காட்டுறாரா உங்க வீட்டுக்காரரு?” என்றாள் இஸ்திரி போடுகிறவள். “சம்பளச் சண்டை உங்களுக்குள்ள. எங்க புள்ளைங்க என்ன பண்ணுச்சு?”

மனைவி மிஷினிலிருந்து எழுந்து வாசலுக்கு வந்தாள். கையில் பாதி தைத்த காலர்.

“யாரு கோவத்தைக் காட்டுறது? என் வீட்டுக்காரர் மோட்டாரைத் தொட்டதே இல்ல.”

“என்னக்கா இப்படிப் பேசுற? இத்தனை வருஷமா யாரு தண்ணி விட்டது?”

“அது எனக்குத் தெரியாதும்மா. பெரிய கோர்ட்டு சொல்லிடுச்சு, அவர் தொடவே இல்லைன்னு. இருபத்தாறு பக்கம் எழுதிச் சொல்லிடுச்சு. நீங்க அங்க போய்க் கேளுங்க. கேஸு நடந்தப்ப சாட்சிக்கு வாங்கன்னு இதே தெருவுல வீடு வீடா வந்தேன். துணி எரிஞ்சிடும்னு சொன்னவ நீதானே?”

இஸ்திரிக்காரி குடத்தை இடுப்பு மாற்றிக்கொண்டாள். ஒவ்வொருவராகக் கலைந்தார்கள். ஒருத்தி மட்டும் போகவில்லை. இரண்டு வீடு தள்ளி இருக்கும் நர்ஸ். ஆஸ்பத்திரி உடுப்போடேயே நின்றாள்.

“அக்கா, நான் சண்டைக்கு வரல. அண்ணன் இருக்காரா?”

அவர் உள்ளேயிருந்து வந்தார்.

“அண்ணே, பிரசவ வார்டுல தொட்டி காஞ்சிடுச்சு. நேத்து லாரித் தண்ணி வந்துச்சு, இன்னைக்கு அதுவும் வரல. உள்ள ஏழு பேர் இருக்காங்க. ஒரு பொண்ணுக்கு ரத்தம் நிக்கல. நாங்க கை கழுவக்கூட குடிக்கிற பாட்டில் தண்ணியத்தான் ஊத்திக்கிறோம்.”

அவர் செருப்பைத் தேடினார்.

“போகாதீங்க” என்றாள் மனைவி. “தொடாதேன்னு எழுதிக் குடுத்திருக்காங்க. இன்னும் ஒரு மாசம்கூட இல்ல உங்க சர்வீசு. எதையாவது பண்ணி வச்சாங்கன்னா?”

“பாத்துட்டு வந்துடறேன்.”

“பாத்துட்டு மட்டும் வர மாட்டீங்க.”

“வர மாட்டேன்தான்” என்று ஒத்துக்கொண்டு போனார்.

பதினோரு மணி வெயிலில் கருகிய கயிற்றைக் கொக்கியால் துண்டு துண்டாகத் தோண்டி எடுத்தார். புதுக் கயிற்றை அளந்து வெட்டி, கிரீஸ் தடவி, வளையம் வளையமாக உள்ளே தள்ளி முடுக்கினார். அதிகம் முடுக்கினால் மறுபடி கருகும். சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் கசிய வேண்டும். புனலில் ஊற்றினார். குமிழி நின்றது. பொத்தானை அமுக்கினார். நாற்பத்திரண்டு சுற்று. கையை பேரிங் மேல் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். மூன்று நாள் கழித்துத் தொடுகிறார். இன்ஜினியரின் பைக் கேட்டுவரை வந்து, சத்தத்தைக் கேட்டு, அப்படியே திரும்பிப் போனது. நாலு மணி நேரம் ஓட்டினார். ஆஸ்பத்திரித் தொட்டி நிறைந்து வழிந்தது என்று நர்ஸ் சொல்லி அனுப்பினாள். ரத்தம் நிற்காத பெண் என்ன ஆனாள் என்று அவர் கேட்டார். சொல்ல வந்த ஆளுக்குத் தெரியவில்லை.

அதற்கு அடுத்த வாரம் தம்பி வந்தான். கையில் பழம் இல்லை. ஒரு கவர் இருந்தது. வாசற்படியில் நின்றான். அக்கா மிஷினை நிறுத்தவில்லை.

“தபால்ல போட்டா யாராவது கொண்டுவந்து எறிஞ்சிட்டுப் போவாங்க மாமா. அதான் நானே...”

“நீ அடிச்சதா?”

“ஆமா.”

“படி.”

அவன் படித்தான். உதவியாளராகிய தாங்கள், வாரியத்தின் உத்தரவை மீறி, மேற்படி நாளில் இரண்டாம் எண் மோட்டாரை நான்கு மணி நேரம் இயக்கியதாகத் தெரிய வருகிறது. தங்கள் மீது ஏன் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கக் கூடாது என்பதற்கு ஏழு நாட்களுக்குள் விளக்கம் அளிக்க வேண்டும்.

“அந்த வரிய மட்டும் இன்னொரு தடவை படி.”

“மோட்டாரை நான்கு மணி நேரம் இயக்கியதாகத் தெரிய வருகிறது.”

“வாரியத்து சீல் இருக்கா?”

“இருக்கு மாமா.”

அவர் தாளை வாங்கி அந்த சீலைத் தடவிப் பார்த்தார். முகம் மாறிவிட்டது. தம்பியால் அதைப் பார்க்க முடியவில்லை. “ஒரே ஒரு பேப்பர் இருந்தாப் போதும்னாங்களே? இது எழுத்துல இல்ல? வக்கீலம்மாவுக்குப் போன் போடு மாப்ளே. போடு.”

வக்கீலம்மா முழுக்கக் கேட்டார். “சார், அது அந்த நாலு மணி நேரத்துக்குத்தான் சாட்சி. பத்தொன்பது வருஷத்துக்கு ஆகாது. அதுவும் தப்புப் பண்ணீங்கன்னு சொல்ற பேப்பர். இதை வச்சு மேல போகணும்னா இன்னும் ஆறேழு வருஷம் ஆகும், கிடைக்கும்னும் சொல்ல மாட்டேன். நீங்க ஓட்டினேன்னு ஒத்துக்கிட்டா விசாரணை வைப்பாங்க. அது முடியற வரைக்கும் பென்ஷன் நிக்கும். அவங்க கண் ஆபரேஷனுக்கு நம்பியிருக்கிற வைத்திய அட்டையும் வராது. யோசிச்சு எழுதுங்க.”

போனை வைத்த பிறகு தம்பி மெதுவாகச் சொன்னான்.

“மாமா, வெளி எலக்ட்ரீஷியன்தான் வந்து போட்டான்னு எழுதித் தர்றேன்னு இன்ஜினியர் சொல்லிட்டாரு. ஆஸ்பத்திரி விஷயம் வெளிய வந்தா அவருக்கும் ஆபத்து. நீங்க தொடலைன்னு ஒரு வரி எழுதினாப் போதும். ஃபைலை மூடிடுவாங்க. பென்ஷன் பேப்பரை நானே கையில வச்சுக்கிட்டு டேபிள் டேபிளா நகர்த்துறேன்.”

“நான் எழுதறதா? தொடலைன்னு?”

“ஒரு வரிதான் மாமா.”

“எட்டு வருஷமா மூணு கோர்ட்டுல என்ன சொல்லிக்கிட்டு இருந்தேன்?”

தம்பி தலையைக் குனிந்துகொண்டான். அவர் மனைவியைப் பார்த்தார். அவள் ஒத்துக்கொள்ள மாட்டாள் என்று அவருக்கு நிச்சயமாகத் தெரியும். அவளுக்கு முன்னால் இப்படி ஒரு பேச்சை எடுத்ததற்காகத் தம்பியை இன்னொரு தடவை விரட்டப்போகிறாள் என்றுதான் காத்திருந்தார்.

மிஷின் நின்றது. அவள் எழுந்து, அலமாரியைக் கையால் தடவி ஒரு பேனாவும் வெள்ளைத் தாளும் எடுத்து வந்து அவர் முன்னால் வைத்தாள்.

“எழுதுங்க.”

“நீயா சொல்ற?”

“நான்தான் சொல்றேன். ரெண்டு நாளா ஊசில நூலைக் கோக்க முடியல. பக்கத்து வீட்டுப் பொண்ணு வந்து கோத்துக் குடுத்துட்டுப் போகுது. கம்பெனில இருந்து நேத்து பாதி மூட்டையத் திருப்பி அனுப்பிட்டாங்க, தையல் கோணலாம். உங்ககிட்ட சொல்லல.”

“ஏன் சொல்லல?”

“சொன்னா நீங்க என்ன பண்ணுவீங்க? பம்ப் ஹவுஸைப் பெருக்குவீங்க.” அவள் தாளை அவர் பக்கம் நகர்த்தினாள். “கேஸு போடுங்கன்னு உங்கள இழுத்துக்கிட்டுப் போனவ நான்தானே? இப்பவும் நானே சொல்றேன். போதும். எழுதுங்க.”

“பொய்யாச்சே.”

“பொய்யின்னு எந்தக் கோர்ட்டும் சொல்லாது.”

தம்பி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். அவன் தோள் குலுங்கியது. இரண்டு பேரும் அவனைச் சமாதானப்படுத்தவில்லை.

மோட்டார்க்காரர் தாளை மிஷின் பலகையில் வைத்துக் குனிந்தார். அவருக்குக் குண்டு குண்டான எழுத்து. தேதி போட்டார். ஐயா என்று எழுதினார். தம்பி முகத்தைத் துடைத்துக்கொண்டு சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டே போனவர், பாதியில் நிறுத்தினார்.

“இயக்கவில்லைன்னு எழுதறதா, தொடவில்லைன்னா?”

“ரெண்டையும் எழுதிடுங்க மாமா. அப்பத்தான் கேள்வி வராது.”

இரண்டையும் எழுதினார். நான் உதவியாளர், அன்றும் அதற்கு முன்பும் நான் எந்த மோட்டாரையும் இயக்கவில்லை, தொடவில்லை. அடியில் கையெழுத்துப் போட்டார். பேனாவை மூடி மனைவியிடம் நீட்டினார். அவளுக்கு அது எங்கே நீட்டப்பட்டிருக்கிறது என்று சட்டெனத் தெரியவில்லை. அவள் கையைப் பிடித்து அதில் வைத்தார்.

தம்பி தாளை எடுத்து, பழக்கத்தில் முதலிலிருந்து கடைசி வரை ஒவ்வொரு எழுத்தாகப் படித்துப் பார்த்தான்.

“சரியா இருக்கு மாமா” என்றான்.

அவர் எழுதியதைப் படித்துவிட்டு வாரியத்து ஆள் ஒருவன் அப்படிச் சொன்னது, அவருடைய சர்வீசில் அதுதான் முதல் தடவை.